கசடு

சட்பரியில், தொண்ணூற்றிரண்டு நவம்பரில்,
நிக்கல் ஆலை தன் கசடை மலைச்சரிவில் கவிழ்க்கும்போது
வானம் ஆரஞ்சாகும்.
காரில் உட்கார்ந்து பார்க்க ஆட்கள் வருவார்கள்.
நாங்களும் போயிருந்தோம். பீர் தீர்ந்ததும்
ஐலா சொன்னாள்: "கசடு. அதுதான் நம்ம பேர்."
யாரும் மறுக்கவில்லை.
பேர் வந்தபிறகுதான்
பாட்டு ஒன்றுமில்லை என்பது நினைவுக்கு வந்தது.

ரெஜான் கிதார்.
ஐலா கொஸ்கெலா பேஸ்; இடக்கைக்காரி,
வலக்கைக் கருவியைத் தலைகீழாகப் பிடித்து வாசிப்பாள்.
டூகனுக்குப் பாடத் தெரியாது, கத்தத் தெரியும்.
கத்தலின் நடுவே சட்டென்று குரல் தாழ்ந்து
கடன்காரனிடம் தவணை கேட்பதுபோல் ஒரு வரி.
அந்த வரிக்குத்தான் ஜனம் பிறகு காசு கொடுத்தது.
டிரம்ஸ் நான்.

ஒத்திகை, சலவைக்கடையின் பின்னறையில்.
உலர்த்தும் இயந்திரங்கள் ஓடிக்கொண்டே இருக்கும்.
அவற்றோடு மல்லுக்கட்டி அடித்தடித்து
என் கை எப்போதும் இம்மி பிந்தியது.
அதுதான் உன் பாணி என்றான் ரெஜான்.
அப்போது அப்படித்தான் சொன்னான்.

முதல் மேடை, அப்பா சாவி வைத்திருந்த உக்ரேனியர் மண்டபம்.
பதினொரு பேர்,
அதில் இருவர் நாற்காலி அடுக்க வந்தவர்கள்.
இரண்டாவது பாட்டில் ஃபியூஸ் போனது.
இருட்டில் நான் நிறுத்தவில்லை.
டூகன் மைக் இல்லாமல் கத்தினான்,
நாற்காலிக்காரர்கள் காலால் தரையைத் தட்டினார்கள்.
அதைவிட நன்றாக நான் வாசித்ததே இல்லை.

டொராண்டோவிலிருந்து அழைப்பு வந்த வாரம்
எனக்குச் சுரங்கத்தில் இரவு ஷிப்ட்.
இரண்டாயிரத்து நானூறு அடிக்குக் கீழே
டெலிபோன் கேட்காது.
ஒரே ஒரு நாளைக்கு என்று
டிமின்ஸிலிருந்து ஒருவனைக் கூட்டிப்போனார்கள்.
அவன் பிந்தவில்லை.

சண்டை ஒன்றும் இல்லை.
ரெஜான் வந்து சமையலறையில் நின்றான்,
பூட்ஸிலிருந்த பனி உருகிக் குளம் கட்டும்வரை.
காபி குடிக்கிறாயா என்றேன். குடித்தான்.
போகும்போது என் ஸ்நேர் டிரம்மை
இரவல் கேட்டான்.
கொடுத்தேன்.

முதல் ஆல்பத்தின் உறையில் நான்கு முகம்.
உள்ளே பொடி எழுத்தில் நன்றி:
வேன் மெக்கானிக், சலவைக்கடை, அப்புறம்
ஓர் எழுத்துக் குறைந்த ஸ்டெஃபானிக்.

ஆனால் ஆறாவது பாட்டு
பின்னறையில் கேசட்டில் பிடித்தது; அப்படியே போட்டுவிட்டார்கள்.
ஹெட்போனில் கேட்டால்
கிதாருக்கு அடியில் உலர்த்தி சுற்றுகிறது,
யாருடைய சட்டைப் பொத்தானோ
தகரத்தில் டக் டக்கென்று மோதுகிறது,
அதற்கும் கொஞ்சம் பின்னால்
நான்.