அந்நிய மொழியில் ஏதோ சொல்கிறான்

வெள்ளைக்காரன் கடற்படை மூட்டை கட்டிய வருஷம்
டொக்யார்டில் தச்சுவேலை போனது.
உளிப்பெட்டியோடு போர்ட்ஸ்மத்துக்குக் கப்பலேறினான்
லாம்பர்ட் ரேகல்,
பாலையூற்றுப் பறங்கியர் வீட்டுப் பெடியன்.
வெள்ளையிலும் சேராத, கறுப்பிலும் சேராத நிறம்.
மூக்கு மட்டும் எந்தத் தேசத்துக்கும் பொருந்தும்.

அந்த மூக்கைத்தான் முப்பது வருஷம் வாடகைக்கு விட்டான்.
கிரேக்க வெயிற்றர். சைப்பிரஸ் தையல்காரன்.
ரயிலில் டிக்கெட் கேட்கிற துருக்கியன்.
ஒரேயொரு தரம் பிரேசில் கேணல்:
அதில் மீசை சொந்த மீசை.
படம் முடிந்து சனம் செருப்புத் தேடும்போது
பெயர்கள் எறும்புபோல் மேலே ஊரும்.
நான் பொத்தானை அமத்துவேன்.
கோடு கோடாய் நடுங்கும் திரையில்
'இரண்டாம் கடத்தல்காரன்' என்பதற்கு நேரே
அவன் நிற்பான்.

டைக் வீதியில் எனக்குக் கசெற் கடை.
அவன் தங்கச்சி மெர்சலின், துறைமுகக் கந்தோரில் தட்டெழுத்து,
சனிக்கிழமைகளில் வந்து கேட்பாள்
"லாம்பர்ட் வந்திட்டானா?"
கொழும்பு பஸ்ஸில் வாற ஆளைக் கேட்பதுபோல.

கதைத்தாளில் அவனுக்கு வசனம் கிடையாது.
'அந்நிய மொழியில் ஏதோ சொல்கிறான்.'
அவ்வளவுதான்.
எந்த மொழி என்று ஒரு டைரக்டரும் கேட்டதில்லை.
வீட்டுப் போர்த்துக்கீசம் பாதி மறந்திருந்தது;
சண்டைக்கும் கணக்குக்கும் அவனுக்குத் தமிழ்தான்.
ஆகவே
பாலைவனக் கூடாரத்தில் கத்தியை உருவி
கதாநாயகன் தொண்டையில் வைத்து உறுமினான்:
"மெர்சி, கூரை ஓடு மாத்தியாச்சோ?
மம்மாவை ஈரத்தில படுக்க விடாத!"
கதாநாயகன் வெலவெலத்துப் போனான்.
கடையில் பதினாலு பேர் வயிற்றைப் பிடித்துச் சிரித்தோம்.
மெர்சலின் சிரிக்கவில்லை.
"மாத்தியாச்சு" என்றாள், திரையைப் பார்த்து.

இன்னொன்றில் கப்பல் கொள்ளைக்காரன்.
சூடு பட்டுச் சரிந்து, கடைசி மூச்சில்,
"எழுபத்தைஞ்சு பவுண் அனுப்பினனான்,
தபாற்கார இன்னாசியிட்டக் கேள்."
கேட்கப் போனாள்.
இன்னாசி பென்ஷன் எடுத்து இரண்டு வருஷம்.
படம் எடுத்து, வெட்டி, ஒட்டி, கொழும்பில் நகலடித்து,
ஊரடங்கு தளர்கிற நாள் பார்த்து என் கடைக்கு வர
அவன் செய்திக்கு மூன்று வயதாகிவிடும்,
பல் முளைத்து நடக்கும்.

அப்படித்தான் எண்பத்தாறில்
ஏதென்சில் ஒரு சாப்பாட்டுக்கடை.
தட்டை ஏந்தி, இடுப்பு வளைத்து,
மேசையிலிருந்த இளஞ்சோடியிடம் சொன்னான்:
"வாற கிறிஸ்மசுக்கு வாறன். மம்மாட்டச் சொல்லு."
அந்தக் கிறிஸ்மஸ் போய்விட்டது.
மம்மாவும்.
மாற்றிய ஓடுகளும், அவற்றைத் தாங்கிய சுவர் மூன்றும்.
சோடி ஆட்டிறைச்சி கொண்டுவரச் சொன்னது.

"திருப்பிப் போடுங்கோ."
போட்டேன்.
"இன்னொருக்கா."
ஜெனரேற்றரில் மண்ணெண்ணெய் முடிகிற மட்டும்
வாறன் வாறன் என்று
வராமலே வந்துகொண்டிருந்தான்.

கடைசியில் தொலைக்காட்சி. ஆஸ்பத்திரித் தொடர், கிழமைக்கு ஒன்று.
முதல் தடவையாகப் பாத்திரத்துக்கு ஒரு பெயர்:
மிஸ்டர் பப்பாஸ்.
பாரிசவாதம் வந்து பேச்சிழந்த நோயாளி.
பத்தொன்பது வாரம் கட்டிலில், ஒரு சொல் இல்லை.
கண்ணாலேயே நடித்தான் என்று ஏதோ விருது கொடுத்தார்களாம்.

கசெற்றுகள் ஒரு பையில் வந்தன.
அவள் கந்தோருக்கு லீவு போட்டாள்.
நான் சத்தத்தைக் கூட்டிக் கூட்டிப் பார்த்தேன்,
இயந்திரம் ஒன்று பீப் பீப் என்றது, தாதி இருமினாள்.
அவன் வாய் அசையவே இல்லை.
வலது கை மட்டும், படுக்கை விரிப்புக்கு வெளியே,
கட்டிலின் சட்டத்தைத் தடவிப் போய்
மூலையில் நின்றது. பெருவிரல் அழுத்திப் பார்த்தது.

"இந்த முறை ஒண்டும் சொல்லேல்லைப்போல" என்றேன்.

"சொல்றான்" என்றாள்.
"பொருத்து இளகிக் கிடக்காம்.
ஆரோ அரைகுறைத் தச்சன் செய்த கட்டிலாம்."