ஒன்பதாம் தேதி

கிசுமு நீதிமன்றத்துக்குக்
கோப்பைக் கொண்டுபோனது நான்தான்.
இருநூற்றுப் பதினான்கு பக்கம்.
மத்தாத்து வண்டியில்
என் மடியில் உட்கார்ந்து வந்தது.
யார் பெற்ற பிள்ளை, இப்படி அணைத்திருக்கிறாய்
என்றாள் பக்கத்து இருக்கைக்காரி.
இலாகா பெற்றது என்றேன்.
அவள் சிரிக்கவில்லை.

எலினா நாமால்வா.
வெபுயே எடைமேடையில்
பதினோரு வருடம் எழுத்தர்.
அளவுக்கு மீறிக் கரும்பேற்றிய லாரியை
இரவோடிரவாக விட்டுவிட்டாள் என்பது குற்றச்சாட்டு.
அவள் விளக்கம் மூன்று பத்தி.
முதல் பத்தி வணக்கம்,
இரண்டாவது, பதினோரு வருடம்.
மூன்றாவதை யாரும் படிக்கவில்லை.
நானும்தான்.

எப்படிப் படிப்பது?
விளக்கம் வந்து சேர்ந்தது பதினொன்றாம் தேதி,
கெடுவுக்கு மூன்று நாள் மிச்சம் வைத்து.
பணிநீக்க ஆணையோ ஒன்பதாம் தேதி.
பத்தாம் தேதி இயக்குநருக்கு
மொம்பாசாவில் கருத்தரங்கு,
கையெழுத்து இன்றே வேண்டும் என்றார்.
"தங்கள் விளக்கம் திருப்தியளிக்கவில்லை"
என்று வராத விளக்கத்தைப் பற்றி
நான் தட்டச்சினேன்.
தேநீர் ஆறுவதற்குள் முடிந்தது.

பிறகு நான்கு வருடம்.
நீதிபதி மாறினார்.
கோப்பு தொலைந்தது, கிடைத்தது.
அவள் லாரி நிறுத்தத்தில்
அவித்த முட்டை விற்றாள்.
எட்டத்தில் வரும் வண்டியின் அச்சைப் பார்த்தே
எத்தனை டன் என்று சொல்வாளாம்.
ஓட்டுநர்கள் பந்தயம் கட்டித் தோற்று
முட்டை வாங்குவார்களாம்.

நீதிபதி செப்கெமோய் மெல்லப் பேசுகிறவர்.
"லாரி போனதா போகவில்லையா
என்று நான் தீர்மானிக்க முடியாது.
இது மேல்முறையீடு அல்ல.
லாரியை நான் எடை போடமாட்டேன்.
எடை போட்டவர்கள்
தராசைச் சரிபார்த்தார்களா என்றுதான் பார்ப்பேன்."

நாமால்வா எழுந்துவிட்டாள்.
"அம்மா, லாரி போகவில்லை.
அதை ஒரே ஒரு தடவை
நீங்கள் சொன்னால் போதும்."
வக்கீல் அவள் கையைப் பிடித்து இழுத்தார்.
நீதிபதி பக்கம் புரட்டினார்.
நாற்பத்தொன்று.
நாற்பத்தேழு.
மறுபடி நாற்பத்தொன்று.

"ஆணை ஒன்பது. விளக்கம் பதினொன்று."

தட்டச்சுப் பிழை என்றார் அரசு வக்கீல்.
சொல்லிவிட்டுத் திரும்பி
கடைசி பெஞ்சில் என்னைப் பார்த்தார்.
நீதிபதியும் பார்த்தார்.
ஒரு தலையசைப்பு போதும்,
பிழை என்னுடையதாகிவிடும்,
மற்றதெல்லாம் சரியாகிவிடும்.
நான் அசைக்கவில்லை.
வீரம் என்று சொல்லமாட்டேன்.
வண்டியில் வந்ததில் கழுத்து பிடித்துக்கொண்டது
என்றுதான் இலாகாவில் சொல்லிவைத்திருக்கிறேன்.

ஆணை ரத்து.
விசாரித்து, புதிதாக முடிவெடுக்கும்படி
அதே அதிகாரிக்குத் திருப்பி அனுப்பப்படுகிறது.

வெளியே ஏரிப் பக்கமிருந்து மழை.
ஜெயித்துவிட்டேனா என்று கேட்டாள்.
ஜெயித்துவிட்டாய் என்றார் வக்கீல்.
நாளைக்கு வேலைக்குப் போகலாமா?
இப்போது இல்லை.
அப்படியென்றால் லாரி?
வக்கீல் குடையை விரித்தார்.

கோப்பு என் மேசைக்கே திரும்பிவிட்டது.
தீர்ப்பு இருநூற்றுப் பதினைந்தாம் பக்கம்.
புதிய விசாரணைக்கு அறிவிப்பு தயாரிக்க வேண்டும்.
தேதி எழுதும் இடம்வரை வந்துவிட்டேன்.
இன்றே அனுப்பு என்று
உள்ளறையிலிருந்து குரல்.
கருத்தரங்கு இந்தத் தடவை எங்கே என்று தெரியவில்லை.

அந்த இடத்தைக் காலியாக விட்டு
நாற்பத்தேழாம் பக்கத்தை எடுத்தேன்.

"ஒன்றேகாலுக்கு மின்சாரம் போனது ஐயா.
தராசில் எண் தெரியவில்லை.
எண் தெரியாமல் விடமாட்டேன் என்றேன்.
ஓட்டுநர் திட்டினார், பிறகு தூங்கிவிட்டார்.
விடியும்வரை லாரி
மேடைமேலேயே நின்றது.
நான் பக்கத்தில் நின்றேன்.
குளிராக இருந்தது."