ஆகவே

தார்த்து நகரமன்றம். பிப்ரவரி.
வெளியே எமாயோகி ஆறு உறைந்து கிடக்கிறது.
குறிப்பெடுப்பவன் நான்;
கருத்து சொல்ல எனக்குச் சம்பளமில்லை.

‘மக்கள் மனம் புண்படுகிறது,
ஆகவே அந்தச் சபையாரின் ஊர்வலத்துக்குத் தடை.’
எட்டுப் பேர் பேனாவைத் திறந்தாயிற்று.

தர்க்கம் கற்பிக்கும் லெய்டா உய்போ மட்டும்
மீனில் முள் எடுப்பதுபோல
வாக்கியத்தைப் பிரித்தாள்.
மக்கள் என்றால் எல்லோருமா, இந்த அறையா?
புண் என்றால் காயமா, கசப்பா?
கசப்புக்குத் தடையென்றால்
முதலில் என் வகுப்பைப் பூட்டுங்கள்.

“சொல்லோடு மல்லுக்கு நிற்கிறாள்,”
கொட்டாவிக்கு நடுவே ஒருவர்.

அடிக்க அடிக்க
மிஞ்சியது ‘ஆகவே’ ஒன்றுதான்,
முன்னும் பின்னும் துணையில்லாமல்.

போன மாதம் அவள் வீட்டுக் கதவில்
சிவப்புச் சாயத்தால் ‘நரகம்’ என்று எழுதியதும்
அதே சபையார்தானே, கேட்டார் தலைவர் ஆர்வோ.

“கதவுக்கு வழக்குப் போட்டிருக்கிறேன்.
தெரு என்னுடையதல்ல.”

நாலுக்கு ஐந்து. தடை தோற்றது.

ஞாயிறன்று ஊர்வலம்
அவள் தெரு வழியாகவே போயிற்று.
எதிர்ச்சாரியில் நின்றிருந்தேன்.
பாட்டையும் மீறி,
ஒரு ஜன்னல் அறைந்து சாத்தப்படும் சத்தம்.