பாலக்கட்டையில் இடம்

பந்தயம் எட்டு மணிக்கு.
நான் ஐந்தேகாலுக்கே வந்துவிட்டேன்.
கல்யாண வீடுகளிலும் இப்படித்தான்,
சமையல்காரர் அடுப்பு மூட்டுமுன் போய் நின்று
தேங்காய் மூட்டைக்குப் பக்கத்தில்
நாற்காலி தேடுவேன்.

கானாடுகாத்தான் விலக்குக்கு அந்தப் பக்கம்
சாலை லேசாக வளைகிற இடத்தில்
ஒரு பாலக்கட்டை.
ஐந்து பேர் உட்காரலாம், நெருக்கினால் ஏழு.
போகும்போதும் திரும்பும்போதும்
மாடுகளின் முகம் தெரிவது இங்கே மட்டும்தான்.
இதை நான் யாரிடமும் சொன்னதில்லை.

ஸ்கூட்டியை முந்திரி மரத்தடியில் விட்டேன்.
கல்லில் இன்னும் ராத்திரி இருந்தது,
சேலை வழியாகச் சில்லென்று ஏறியது.

"ஹலோ, மைக் டெஸ்ட், ஒண்ணு, ரெண்டு."
கேட்க ஆளில்லாத அந்தக் குரல்
தோப்புக்குள் போய்
வழி தெரியாமல் திரும்பி வந்தது.

குட்டியானை வண்டிகள் வரத் தொடங்கின.
உள்ளே மாடுகள்
சீர் குறைந்த சம்பந்தி வீட்டார் போல
முகம் கொடுக்காமல் நின்றன.
கால்நடை டாக்டர் டார்ச் அடித்துப் பல் பார்த்தார்.
"ரெண்டு பல்லுதான் சார்."
"நாலு தெரியுதேப்பா."
நடு மாடா சின்ன மாடா என்று
ஆறு பேர் சண்டை போட,
மாடு டார்ச்சை நக்கியது.

தடுப்பு இழுத்துக்கொண்டு வந்த போலீஸ்காரர் கேட்டார்,
"யாரு கூடம்மா வந்தீக?"
"பிளாஸ்க் கூட."
சிரிக்கவில்லை.
கொஞ்ச நேரம் கழித்து வந்து அரை மூடி காப்பி குடித்து,
சீனி தூக்கல் என்றார்.

கடைசி டவுன் பஸ் போனது.
அதன் பின்னால் சாலை
துடைத்துவைத்த தட்டுப்போலக் கிடந்தது.
ஒரு நாய் நடுவில் வந்து நின்று
இரண்டு பக்கமும் பார்த்தது.
நானும் பார்த்தேன்.

அப்போதுதான் அந்தப் பையன்.
சீமைக்கருவேல் ஓரம் குனிந்து
வாந்தி எடுத்துக்கொண்டிருந்தான்.
பனியன் முதுகில் நீலத்தில் பதினொன்று.
நிமிர்ந்ததும் என்னைப் பார்த்துவிட்டான்.
"அக்கா, தண்ணி இருக்குமா?"
காப்பிதான் இருந்தது.
முதல் வாய் கொப்பளித்துத் துப்பினான்.
இரண்டாவது வாயைக் குடித்தான்.

பேர் ஆவுடையப்பன்.
"பயமா?"
"எனக்கில்லக்கா. மயிலைக்கு
நேத்துலருந்து தீனி எறங்கல."
கொஞ்சம் நிறுத்தி,
"எனக்கும்" என்றான்.

மைக் பதினொன்றைக் கூப்பிட்டது.
ஓடினான், கையில் என் பிளாஸ்க் மூடியோடு.

ஏழரைக்குப் பாலக்கட்டையில் ஒன்பது பேர்.
என் தோளில் யாரோ ஒருவரின் குடைக்கம்பி.
இந்த இடத்தை இவர்களுக்கு யார் சொன்னது?

முதலில் கல்தான் கேட்டது,
உட்கார்ந்த இடத்தில் ஒரு நடுக்கம்.
பிறகு மணி, பிறகு கூச்சல்,
பிறகு எல்லாம் ஒரே சமயத்தில்.
நுரை, கொம்பு, சக்கரம்,
யாருடையதென்று தெரியாத ஒரு துண்டு பறந்தது.
பதினோரு நொடி.
மூன்று மணி நேரம் உட்கார்ந்து பதினோரு நொடி.
நான் வேலை பார்க்கும் பத்திர ஆபீஸில்
கணக்கு இடிக்குதே என்பார்கள்.
எனக்கு இடிக்கவில்லை.

திரும்பி வரும்போது இவன் நான்காவதாக வந்தான்.
மயிலை வாய் திறக்காமல் ஓடியது,
வைராக்கியமாக, யாரையோ கோபித்துக்கொண்டதுபோல.
அவன் இடுப்பில் செருகியிருந்தது
சிவப்பு பிளாஸ்டிக் மூடி.
என்னைப் பார்த்தானா என்று கேட்காதீர்கள்.
அந்த வேகத்தில் சாமியே நின்றிருந்தாலும்
அவனுக்குத் தெரிந்திருக்காது.

எல்லைக்கு இன்னும் ஒரு மைல் இருந்தது.
அதற்குள் யாரை முந்தினான், முந்தவில்லை,
மைக் சொல்லியிருக்கும்.
அப்போது நான் பள்ளத்தூர் தாண்டியிருந்தேன்.
எங்கேயும் சீக்கிரம் போகிறவள்
எங்கிருந்தும் சீக்கிரம் கிளம்பியும் விடுவேன்.

பிளாஸ்க்கின்மேல் இப்போது
எவர்சில்வர் டம்ளரைக் கவிழ்த்து வைத்திருக்கிறேன்.
சரியாகப் பொருந்தாது.
பள்ளத்தில் வண்டி இறங்கும்போதெல்லாம்
கிணுகிணு என்கிறது.

அடுத்த பந்தயம் புதுவயல் பக்கம்.
ஏழு மணிக்காம்.