வடக்கு எல்லை

கையில் கொடுத்த வரைபடம் சொல்கிறது:
சிக்கபூவனஅள்ளி பேரூராட்சி.
கிழக்கே ஏரி,
தெற்கே ராயக்கோட்டை போகும் சாலை,
மேற்கே மாந்தோப்பு வேலி,
வடக்கே மொட்டைக்கரட்டின் உச்சி.

ஏரிக்குக் கரை இருக்கிறது.
உள்ளே சீமைக்கருவேலம், ஒரு கிரிக்கெட் பிட்ச்.
கடைசியாகத் தண்ணீர் வந்த வருடத்தை
மீன் ஏலம் எடுத்து நட்டப்பட்ட சென்னப்பாவிடம் கேட்டால்
தேதியோடு சொல்வார்.
இப்போது ஆயிரத்து நூறு அடியிலிருந்து வருகிறது.
குடித்த பிள்ளைகள் சிரித்தால் பல்லில் காவி.

எனக்கு ஒதுக்கியது பதினோராம் பகுதி.
நூற்றைம்பத்து நான்கு கதவு,
முப்பத்தேழில் பூட்டு.
சாவியெல்லாம் முனிரத்னம்மாவின் முந்தியில்
கனக்கிறது, நடந்தால் ஓசை.
"இது நஞ்சப்பன் வீடு, பெங்களூர்ல சென்ட்ரிங்.
இது அவன் தம்பி, அங்கியேதான்.
பண்டிகைக்கு வருவாங்க, ஓட்டுக்கு வருவாங்க,
எழவுன்னா ராத்திரி பஸ் புடிச்சி வந்துடுவாங்க."
படிவத்தில் எழவுக்குக் கட்டமில்லை.

தாய்மொழி என்ன என்றேன்.
"யாரோட பேசற மொழி, டீச்சர்?
மாட்டோட தெலுங்கு, மாமியாரோட கன்னடம்,
பேங்க்ல தமிழு."
ஒன்றுதான் எழுதலாம் என்றதும்
மாமியாரைப் பார்த்தாள், மாட்டைப் பார்த்தாள்.
மாடாவது சொன்னால் கேட்கிறது,
தெலுங்கே போடுங்க என்றாள்.

ஆறு வயதுக்குள் ஆண் நாற்பத்தொன்று.
பெண் இருபத்தெட்டு.
கூட்டல் பிழையோ என்று
தெருமுனைப் புளிய நிழலில் நின்று
விரல் விட்டு மறுபடி கூட்டினேன்.
கூட்டலில் பிழையில்லை.
பேனாவை மூடிவிட்டு
யாரோ கொடுத்த ராகிக்கூழைக் குடித்து
அடுத்த தெருவுக்குப் போனேன்.

சிக்கல் வடக்கில்.
மொட்டைக்கரடு இல்லை.
பாளம் பாளமாய் அறுத்து, லாரி லாரியாய் ஏற்றி,
எந்தத் துறைமுகம் தாண்டியோ
யார் வீட்டுச் சமையல் மேடையாகவோ ஆகிவிட்டது.
கரடு எவ்வளவு உயரமோ அவ்வளவு பள்ளம் இப்போது.
உச்சி இருந்த இடத்தில் காற்று,
காற்றில் ஒரு பருந்து,
அதன் வயிற்றுக்குக் கீழே எங்கேயோ
போகிறது பேரூராட்சி எல்லை.

பள்ளத்தின் அடியில் தகரக் கொட்டகை.
ஒடிசாக்காரர்கள், ஒன்பது பேர்.
அந்தப் பக்க ஊராட்சிக்குக் கணக்கெடுக்க
உருதுப் பள்ளி அக்பர் பாஷா சார் வந்திருந்தார்.
"இவங்க உங்க ஆளுங்க, மேடம்."
"உங்க ஆளுங்க, சார்."
இருவருக்கும் ஒரே வெயில்.
இருவர் கையிலும் ஒரே வரைபடம்,
அதில் ஒரே உச்சி.

அரிசி எங்கே வாங்குகிறீர்கள்?
எங்கள் ஊரில்.
ரீசார்ஜ்? அவர் ஊரில்.
கோழி, விலை எங்கே குறைவோ அங்கே.
காய்ச்சல் வந்தால் என்றதற்குச்
சிரித்தார்கள்.

அக்பர் பாஷா குச்சியெடுத்துக் கோடு கிழித்தார்.
கோடு கொட்டகைக்குள் புகுந்து
அரிசிச் சாக்கைச் சுற்றி
அடுப்பைப் பிரித்தது:
ஒரு கல் எனக்கு, இரண்டு கல் அவருக்கு.

சட்டென்று கேட்டார்,
"ராத்திரி தலை எந்தப் பக்கம் வெச்சிப் படுப்பீங்க?"
தலைக்கணக்குதானே.
காலை யார் கேட்டார்கள்.

திபாகர் என்றொருவன், பத்தொன்பது இருக்கும்,
தமிழை ஜல்லி ஜல்லியாய் உடைத்துப் போட்டான்:
"சாரல் இங்கேர்ந்து வந்தா, தலை அங்கே.
அங்கேர்ந்து வந்தா, இங்கே."
கொஞ்சம் யோசித்து,
"வெடி வெச்ச நாள், தூக்கம் இல்லே."

நேற்றுச் சாரல் எந்தப் பக்கம் என்று
நாங்கள் இருவரும் அண்ணாந்து பார்த்தோம்.
பருந்தும் போயிருந்தது.

பென்சிலால் எழுதினேன், ஒன்பது.
பாறைக்கு அந்தப் பக்கம் திரும்பி
அக்பர் பாஷாவும் ஒரு பென்சிலை
நாக்கில் தொட்டுக்கொண்டிருந்தார்.
நான் பார்க்கவில்லை.