மூன்றாவது டியூப்லைட்

மின்விசிறிகளை நிறுத்தச் சொன்னார்கள்.
காட்பாடியில், மே மாதத்தில்,
பகல் மூன்று மணிக்கு.

பதினான்கு விசிறி. சுவிட்ச் என் பொறுப்பு.
ஒவ்வொன்றாய்த் தட்டி
கடைசி இறக்கையும் நின்ற பிறகு
அரங்கத்தின் தகரக்கூரை
வெயிலில் முறுக்கிக்கொள்வது கேட்டது.
பத்து வருடமாய் இங்கே வேலை.
அது பேசும் என்றே தெரியாது.

முந்தின நாளே வந்திருந்தது இந்திய அணி.
கயிறு பதித்து மேலே டேப் ஒட்டிய கோட்டை
விரலால் தடவிப் படித்தார்கள்.
ஒடிசாக்காரி லிப்ஸா இடப்பக்கம்.
குஜராத்துப் பெண் ஜிக்னாஷா வலப்பக்கம்.
நடுவில் நம்ம பேரணாம்பட்டு ரஹமத்துன்னிசா.
மூன்று பேருக்கும் பொதுவில் ஒரு பாஷை இல்லை.
தரையில் ஒரு தட்டு: இங்கே இருக்கிறேன்.
இரண்டு தட்டு: எனக்குக் கொடு.
மூன்று தட்டுக்கு அர்த்தம் சொல்லவில்லை,
ஆனால் சிரித்தார்கள்.

நிசாதான் என்னைக் கூப்பிட்டது.
“அண்ணா, இடது கோல் மேல
மூணாவது டியூப்லைட்டு முனகுது.
சோக்கு போவப் போவுது.”
அண்ணாந்து பார்த்தேன். நன்றாய்த்தான் எரிந்தது.
காதைத் தீட்டிப் பார்த்தேன். ஒன்றுமில்லை.
“பந்துக்குள்ள மணி இருக்குண்ணா.
அந்தச் சத்தத்து மேலயே இது உக்காந்துக்குது.”
ஏணி போட்டு மாற்றினேன்.
நான் இறங்குவதற்குள்
“இப்ப சரி” என்றாள்.

ஆட்டம் லாவோசுடன்.
எல்லார் கண்ணிலும் கறுப்புக் கண்ணாடி.
நிழல் மட்டும் தெரிகிறவளுக்கும்
எதுவுமே தெரியாதவளுக்கும்
அளந்து கொடுத்த ஒரே இருட்டு.
கைதட்டக் கூடாது. பேர் சொல்லிக் கூப்பிடக் கூடாது.
ஷூ கம்பெனியில் லீவு சொல்லிவிட்டு
வேன் பிடித்து வந்த பேரணாம்பட்டு சனம்
தன் வாயைத் தானே பொத்தி உட்கார்ந்திருந்தது.
நிசாவின் அம்மா
முக்காட்டு நுனியைப் பல்லில் கடித்திருந்தாள்.

பந்து ஒன்றேகால் கிலோ.
ஆற்காடு பஸ் கண்டக்டரின் பை போலக்
குலுங்கிக்கொண்டு வருகிறது.
நிசா பக்கவாட்டில் சாய்ந்து
மதகுப் பலகையாய் நீள்கிறாள்.
இடுப்பெலும்பில் அது மோதுவது
கடைசி வரிசை வரை கேட்கிறது.
எழுந்து, பின்கையால் கோல் கம்பியைத் தொட்டு
தன் இடத்தைத் திரும்ப வாங்கிக்கொள்கிறாள்.

ஆறுக்கு ஆறு.
நாற்பது விநாடி மிச்சம்.
அப்போதுதான் ஜங்ஷன் பக்கம் கூட்ஸ் வந்தது.

நடுவர் கையைத் தூக்கிவிட்டார்.
ஆறு பெண்கள் முட்டிபோட்டுக் காத்திருந்தார்கள்,
ரயில்வே கேட்டில் சைக்கிளோடு நிற்பவர்கள் மாதிரி.
மூக்கு நுனியிலிருந்து வேர்வை
தரையில் சொட்டுவது தெரிந்தது.
இந்தச் சத்தத்தில் யாருக்குத் தெரியப்போகிறது,
ஒரு நிமிஷம் விசிறியைப் போட்டுவிடலாமா என்று
என் கை பரபரத்தது.
போனது, போனது,
இன்னும் போய்க்கொண்டே இருந்தது.

பிறகு,
“குவயட் ப்ளீஸ்.”
“ப்ளே.”

லாவோஸ் பெண் எறிந்தது
மணியே இல்லாமல் வந்ததுபோல் இருந்தது எனக்கு.
நிசா விழுந்தாள். சரியான பக்கம்தான்.
கணுக்காலில் பட்டு
எகிறி
வலைக்குள் போனது.
ஏழு.

கடைசி விசிலுக்குப் பிறகுதான் கத்த அனுமதி.
ஒரு மணி நேரமாய் விழுங்கி வைத்திருந்ததையெல்லாம்
தோற்றதா ஜெயித்ததா என்று பாராமல்
வேன் சனம் ஒரேயடியாய்க் கத்தித் தீர்த்தது.
நான் பதினான்கையும் தட்டினேன்.
கண்ணாடியைக் கழற்றியபடி அந்தப் பக்கம் வந்தவள்
காலைக் கொஞ்சம் இழுத்து நடந்தாள்.
“அந்தக் கூட்ஸ்ல ஒரு பெட்டி காலிண்ணா.
கவனிச்சீங்களா?”

சோக்குக்கு நூற்றெண்பது ரூபாய் பில் போட்டிருக்கிறேன்.
எரிந்துகொண்டிருந்ததை எதற்கு மாற்றினாய்
என்கிறது ஆபீஸ்.
காரணம் என்ற கட்டத்தில்
சத்தம் என்று எழுதினேன்.
யாருக்குக் கேட்டது என்று
சிவப்பு மையில் திரும்பி வந்தது.
எனக்குக் கேட்கவில்லை. அதுதான் நிஜம்.
பேனாவைத் திறந்து வைத்து உட்கார்ந்திருக்கிறேன்.
தலைக்கு மேல் விசிறி
என்னமோ சொல்லிச் சுற்றுகிறது.