பலம் ஒன்பது

தக்கலையில் ஒரு டயர்கடை மாடி.
ஞாயிறு மூன்று மணிக்கு மேல்
நாங்கள் ஐந்து பேரும் வேறு ஆட்கள்.
ஷிபுவின் மந்திரவாதிக்குப் பலம் ஒன்பது.
பலம் என்றால் வலு.
பலம் என்றால் பழைய தராசில் ஒரு நிறையும்தான்.
இரண்டுக்கும் ஒரே சொல்லை வைத்தவன்
எதையோ தூக்கிப் பார்த்திருக்கிறான்.

கணக்குநோட்டு என்னிடம்.
யார் எதைச் சுமக்கிறார்கள் என்று
பென்சிலில் எழுதுவேன், அழிக்க வசதி.
கயிறு ஐம்பது அடி, நனைந்தால் கூடுதல்.
பந்தம் பத்து.
இரும்புச் சட்டி ஒன்று,
அதை விடமாட்டேன் என்கிறான் ஆல்பன்.
"எடே, கொகைக்குள்ள மீன்கறி வைக்கப்போறியா?"
"பூதத்துக்கும் பசிக்கும்லா மக்கா."
சட்டி, எட்டு ராத்தல். எழுதினேன்.

எல்லை தாண்டினால் நடை பாதியாகும்.
இன்னும் தாண்டினால்
பகடை இரண்டு உருட்டிச் சின்னதை எடுக்க வேண்டும்.
தண்ணீர்க்கேன் மாற்ற ஆள் கூப்பிடும் சுபிதா
இங்கே குள்ள வீரன், பலம் பதினெட்டு.
எல்லோரும் அவள் முதுகில்தான் ஏற்றுவோம்.

பொற்காசுக்கு எடை போடக்கூடாது என்று
மூன்று வாரமாகச் சண்டை.
"காசு கணக்குலதான் இருக்கு, தோள்ல இல்ல" என்றான் ஷிபு.
ஆட்டம் நடத்தும் ஜெர்லின்
வாரநாளெல்லாம் நகைக்கடன் கம்பெனியில்
தாலியும் வளையலும் நிறுப்பவள்.
"அம்பது காசு ஒரு ராத்தல்" என்றாள்.
"பொன்னு கனக்கும் டே.
வச்சிட்டுப் போறவங்க
படி எறங்குறத நான் பாக்கேன்லா."
ஷிபு அதற்குப் பிறகு பேசவில்லை.
பழம்பொரி எண்ணெயை
மந்திரவாதியின் தாளில் துடைத்தான்.

இன்று மழை. வேளிமலை இருந்த இடத்தில் எதுவுமில்லை.
நாலரை மணிக்குப் பாம்பரசனைக் கொன்றோம்.
குவியலில் ஆறாயிரம் காசு,
படிக்க முடியாத ஏழு கல்வெட்டு,
ஒரு வெள்ளித் தொட்டில்.
வெளியே போக இரண்டு மைல் சுரங்கம்.
சுபிதாவின் தோளில் ஏற்கெனவே
மயங்கிய ஆல்பன் கிடக்கிறான்
(ஆள் நூற்றெண்பது, சட்டி எட்டு;
மயங்கியும் சட்டியை விடவில்லை).
கூட்டினேன். மறுபடி கூட்டினேன். தாங்காது.

அப்போதுதான் கட்டம்போட்ட தாளில் ஜெர்லின்
இரண்டு நட்டகல் வரைந்தாள்,
மேலே குறுக்கே ஒன்று.
"சுமைதாங்கி.
இங்க எறக்கலாம், ஒருத்தரும் கைபிடிக்கண்டாம்.
திரும்ப ஏத்தணும்னா
கொஞ்சம் குனிஞ்சு தோள் குடுத்தாப் போதும்."

விதிப்புத்தகத்தில் அப்படி ஒன்றும் இல்லை,
ஷிபு புரட்டிப் பார்த்துவிட்டான்.
"எவ்வளவு தாங்கும்?"
"எழுதல."
"யாரு நட்டது?"
பகடையை உருட்டினாள்,
எதற்கென்று சொல்லவில்லை.

கேரளபுரம் போகும் வழியில் ஒன்று நிற்கிறது,
டியூஷன் நோட்டீசு ஒட்டிக்கொண்டு.
வயிற்றுப் பிள்ளையோடு போய்ச் சேர்ந்தவளுக்கு,
அவள் இறக்காமல் போனதற்காக,
நடுகிற கல் அது.
பிள்ளை மட்டும் போய்
தான் திரும்பி வந்தவளுக்கு
எந்த வழியிலும் ஒன்றும் நடுவதில்லை.
மார்ச்சில் அவளுக்கு ஏழாம் மாதம்.
ஆஸ்பத்திரியிலிருந்து வந்த வாரமே
ஞாயிறு ஆட்டம் உண்டா என்று கேட்டாள்.
உண்டு என்றோம்.
வேறொன்றும் சொல்லத் தெரியவில்லை.

என் நோட்டில் நான்கு பத்தி.
ஆட்டம் நடத்துபவளுக்குப் பத்தி கிடையாது.
குகை, இருட்டு, பாம்பு, எங்கள் எல்லோருடைய சாவு,
அவள் தூக்கி வருவது இவ்வளவும்.
எடையில்லாதவை என்பது விதி.

காசுமூட்டைகளை இறக்கினோம், ஆல்பனையும்.
தொட்டிலைச் சுபிதா
கடைசியாகத் தூக்கி வைத்தாள்.
எத்தனை ராத்தல் என்று நான் கேட்கவில்லை,
அந்த வரி நோட்டில் இன்னும் காலி.

ஆறரைக்குக் கரண்ட் போனது.
மாடிப்படி இருட்டில் ஷிபு இன்னமும்
நனைந்த கயிற்றுக்கு வழக்காடிக்கொண்டு இறங்கினான்.
புத்தகமும் பகடையும் போட்ட பெரிய பையை
எப்போதும் தனியாகத்தான் இறக்குவாள் ஜெர்லின்.
கை நீட்டினேன்.
"வேண்டாம் டே."
நாலாம் படியில் நின்று
பையின் ஒரு காதை மட்டும்
என் பக்கம் தள்ளினாள்.